துடக்குக் கணக்கு

மாமி செத்துப்போனார் என்று மலர் கோல் எடுத்துச் சொன்னபோது நான் அறக்குளா மீனைத் துண்டு போட்டுக்கொண்டிருந்தேன். போனைத் தோளில் இடுக்கியபடி, கத்தியைக் கீழே வைக்காமலே கேட்டேன்.

"நாளைக்குப் பின்னேரம் எடுக்கினம். ரெண்டு பேரும் வருவியள்தானே?"

மலர் எங்கள் பழைய ஒழுங்கையின் எதிர்வீட்டுக்காரி. அந்த ஒழுங்கையில் எங்களோடு இன்னும் கதைக்கிறவள் அவள் ஒருத்திதான். அதுவும் புருசன் வெளியே போன நேரம் பார்த்து. "பாப்பம்" என்று சொல்லி போனை வைத்தேன். கண்ணில் ஒரு சொட்டு வரவில்லை. வந்திருந்தால் அது பக்கத்தில் அரிந்து வைத்த வெங்காயத்தால் வந்திருக்கும்.

இத்தனை வன்மம் இருக்கிறது, ஆனாலும் 'மாமி சொன்னாள்' என்று எழுதக் கை வரவில்லை. போகட்டும், 'சொன்னார்' என்றே இருக்கட்டும். அவர் எனக்கு மாமியுமில்லை, கோமியுமில்லை. ஒழுங்கை முழுக்க அப்படிக் கூப்பிட்டது, நானும் கூப்பிட்டேன்.

உள்துறைமுகத்துப் பக்கம் போகிற தெருவில் பிரிகிற ஒழுங்கை அது. முன்னால் மாமியின் கல்வீடு, பின்னால் எங்களுக்கு வாடகைக்குத் தந்த இரண்டு அறையும் ஒரு சின்னச் சாமியறையும் குசினியும். இரண்டு வீட்டுக்கும் ஒரு கிணறு. ஒழுங்கை முடிகிற இடத்தில் பிள்ளையார் கோயில். அந்தக் கோயிலுக்கு ஐயர் இருந்தார், தலைவர் இருந்தார், கணக்குப்பிள்ளை இருந்தார். ஆனால் யார் உள்ளே போகலாம், யார் போகக்கூடாது என்று தீர்மானித்தது மாமிதான். வெள்ளைச் சீலையோடு, நனைந்த கொண்டையோடு, வாசற்படியில் ஒரு பிளாஸ்டிக் கதிரையைப் போட்டு இருப்பார்.

"எத்தினையாம் நாள்?"

மாமி ஆட்களைச் சுகம் விசாரிப்பது இப்படித்தான். ஒரு வீட்டில் சாவு விழுந்தால், பிள்ளை பிறந்தால், அந்த வீட்டாருக்கும் இரத்த உறவுகளுக்கும் துடக்கு. அந்த நாட்கள் முடியும்வரை கோயிலுக்குள் கால் வைக்கக்கூடாது, நல்ல காரியம் செய்யக்கூடாது, மீன் மச்சம் சமைக்கக்கூடாது. எல்லோருக்கும் தெரிந்த சங்கதிதான். எல்லோரும் கொஞ்சம் கூட்டிக் குறைத்து அனுசரிக்கிற சங்கதியும்தான். மாமியிடம் மட்டும் கூட்டலும் இல்லை, குறைத்தலும் இல்லை. யாருக்கு யார் என்ன முறை, எந்த வழி, எந்தச் சாவு யார்வரைக்கும் போய்த் தொடும் என்று ஒழுங்கை முழுவதும் அவர் தலைக்குள் இருந்தது. எங்கள் கொடியில் என்ன காய்கிறது என்று பார்த்தே எங்கள் மாதக் கணக்கையும் வைத்திருந்தார். "என்ர கணக்குப் பிழைச்சதில்லை" என்பார். வயிறு எரியும் எனக்கு.

ஒருமுறை கலியாண வீடு. வாழை கட்டி, பந்தல் போட்டு, மாப்பிள்ளை கனடாவிலிருந்து வந்து இறங்கியாயிற்று. மாப்பிள்ளையின் பெரியப்பன் அங்கே செத்துப்போனதை இரண்டு பக்கமும் மறைத்திருந்தார்கள். மாமி எப்படியோ பிடித்துவிட்டார். பந்தலுக்குள் நேராக நடந்து போய், மாப்பிள்ளையைப் பார்த்து, "தம்பி, பெரியப்பாவுக்கு எத்தினையாம் நாள்?" என்று கேட்டார். அந்தப் பெடியன் முகம் வெளுத்து நின்றது இன்றைக்கும் கண்ணில் நிற்கிறது. கலியாணம் தள்ளிப் போயிற்று. பெண்ணின் தாய் மண்ணை அள்ளித் தூற்றினாள். மாமி சீலையைத் தட்டிவிட்டு வந்து கதிரையில் இருந்தார்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், பிறகு பழியைத் தூக்கி என் மேல் போடக்கூடாது. சண்டைக் காலத்தில் மகனைப் பறிகொடுத்த ஒரு தாய் இருந்தாள். பிடித்துக்கொண்டு போனவர்கள் உடலையும் தரவில்லை, செய்தியும் தரவில்லை. "கிரியையைச் செய்து முடியன், எத்தினை வருசம் இப்பிடி இருப்பாய்?" என்று கோயில் தலைவர் அவளைச் சபையில் கேட்டார். மாமி எழும்பி, "சாவைக் கண்டனியோ? சாவு தெரியாட்டித் துடக்கில்லை. அவளைக் கேக்க உனக்கு வாய் எப்பிடி வந்தது?" என்று கத்தினார். கார்த்திகை விளக்கீட்டுக்கு முதல் சுட்டி விளக்கை ஏற்றுவது அந்தத் தாய்தான். வேறு யார் கையையும் மாமி விடமாட்டார்.

அப்படிப்பட்ட மனுசியின் வளவுக்குள்தான் நானும் வதனியும் குடிபோனோம். புத்தி கெட்ட வேலை. ஆனால் வாடகை எங்களுக்குக் கட்டுப்படியாகிற வீடு வேறு கிடைக்கவில்லை.

வதனிக்குத் துறைமுகத்தடியில் ஒரு கப்பல் முகவர் கந்தோரில் வேலை. நான் வீட்டோடு. சமைப்பது, தோய்ப்பது, அவளுடைய சட்டையை அயன் பண்ணுவது, மத்தியானச் சாப்பாட்டைக் கட்டிக் கொடுப்பது எல்லாம் நான். யாரும் என்னை வற்புறுத்தவில்லை. எனக்கு வீடு பார்ப்பது பிடிக்கும், அவளுக்குத் தேத்தண்ணி போடக்கூடத் தெரியாது. ஈச்சிலம்பற்றில் என் அம்மாவும் மூதூரில் வதனியின் அண்ணனும் எங்களைக் கைகழுவிய பிறகு எங்கள் இரண்டு பேருக்கும் மிஞ்சியது ஒரு குடித்தனம். அதைக் காப்பாற்றுவது என் வேலை. நான் அந்த வேலையை ஒழுங்காகத்தான் செய்தேன்.

குடிபோன அன்றைக்கு மாமி கேட்ட முதல் கேள்வி, "ரெண்டு பேரும் என்ன முறை?"

பஸ்ஸிலேயே ஒத்திகை பார்த்துக்கொண்டு வந்த பதிலைச் சொன்னேன். "என்ர சித்தப்பான்ர மகள் மாமி. தங்கச்சி முறை."

"தேப்பன் வழிச் சித்தப்பாவோ?"

"ஓம் மாமி. அப்பான்ர கூடப்பிறந்த தம்பி."

மாமி அதை உள்ளே எழுதிக்கொண்டது முகத்திலேயே தெரிந்தது. அன்றிலிருந்து வெளியில் நான் அக்கா, அவள் தங்கச்சி. வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்தியதும் வதனி, "இஞ்சேருங்கோ, சோறு போடுங்கோவன்" என்று பெண்சாதிமார் புருசனைக் கூப்பிடுகிற மாதிரி இழுப்பாள். "சோறு போடுறது நான், அப்ப ஆர் ஆரை இஞ்சேருங்கோ எண்டுறது?" என்று நான் கரண்டியை ஓங்குவேன்.

மாமிக்குக் கதவைத் தட்டுகிற பழக்கம் இல்லை. கிணற்றடிக்கு வந்தால் அப்படியே குசினிக்குள் நுழைந்து, சட்டி மூடியைத் திறந்து பார்த்து, அறைக்குள்ளும் எட்டிப் பார்ப்பார். அதற்காக முன்னறையில் வதனிக்கென்று ஒரு தனிக் கட்டில் போட்டிருந்தோம். அதில் யாரும் படுத்ததில்லை. நான் விடிய எழும்பி முதல் வேலையாக அந்தக் கட்டிலின் விரிப்பைக் கசக்குவேன், தலையணையில் கையால் ஒரு குழி போடுவேன், போர்வையை ஒரு பக்கம் தள்ளிவிடுவேன். வீட்டு வேலைகளில் நான் வெறுத்த ஒரே வேலை அதுதான்.

மாமிக்கு என்னைப் பிடித்திருந்தது. அதுவும் எனக்கு எரிச்சல். கோயிலுக்கு மோதகம் பிடிக்க மா குழைக்கிற வேலையை யாருக்கும் விடாத மனுசி, என் கையைப் பார்த்துவிட்டு எனக்கு விட்டார். தன் இரண்டு மகள்மாரும் காணிக்குச் சண்டை பிடித்து முகம் பார்க்காமல் இருக்கிறதால், போனில் அவர்களைத் திட்டும்போதெல்லாம், "பின்வீட்டுப் பெட்டையளைப் பாருங்கோடி, அக்கா தங்கச்சியெண்டா அப்பிடி இருக்கோணும்" என்பார். இடைக்கிடை வதனிக்குச் சம்பந்தமும் கொண்டுவருவார். "மூத்தவளுக்குத்தான் வயசு போட்டுது, இளையவளையாவது பாழாக்காத" என்று என்னிடம் சொல்வார். நான் சிரித்துக்கொண்டு தேங்காய் துருவுவேன். உள்ளே கொதிக்கும்.

வதனியின் அப்பா செத்த அன்று கோயிலில் சதுர்த்தி. விடியப்புறம் அவளுடைய அண்ணனின் கோல் வந்தது. "தனிய வா. அவளையும் கூட்டிக்கொண்டு வந்தியெண்டா வாசலோட திரும்பவேண்டி வரும்" என்றானாம். வதனி கிண்ணியாப் பாலத்தால் போகிற முதல் பஸ்ஸைப் பிடித்துப் போனாள். கையில் சாப்பாட்டுப் பார்சல் ஒன்றைத் திணித்ததைத் தவிர என்னால் ஒன்றும் செய்ய முடியவில்லை. வீட்டில் தனியே இருந்தால் பைத்தியம் பிடித்துவிடும் போலிருந்தது. அதனால் முன்னமே சொல்லி வைத்தபடி கோயில் மடத்துக்குப் போய் மா குழைக்கத் தொடங்கினேன்.

"தங்கச்சியைக் காணேல்லை?" என்று மலர் கேட்டாள்.

"தேப்பன் செத்திட்டார். விடியவே மூதூருக்குப் போட்டாள்" என்றேன்.

சொன்ன வாய் மூடவில்லை, எதிரில் பயறு அவித்துக்கொண்டிருந்தவளின் கை நின்றது. மாமி கதிரையிலிருந்து எழும்பினார்.

"ஆற்ற தேப்பன்?"

"வதனின்ர."

"வதனின்ர தேப்பன் உனக்கு ஆர்?"

குழைத்த மா கையில் ஒட்டிக்கிடந்தது. அப்போதுதான் உறைத்தது. சொந்தச் சித்தப்பன் செத்திருந்தால் சொல்லாமலே காலும் கையும் கோயிலுக்குப் போகாது. பொய்ச் சித்தப்பனுக்குத் துடக்கு நினைவு வரவில்லை. வதனி பஸ்ஸில் அழுதுகொண்டு போவாளே என்பது மட்டும்தான் தலைக்குள் இருந்தது.

"சித்தப்பன் பிணமாக் கிடக்கிறான், நீ பிள்ளையாருக்கு மோதகம் பிடிக்கிறியோடி?"

பதினைந்து இருபது பெண்கள் என்னையே பார்த்தார்கள். சித்தப்பா என்று ஒத்துக்கொண்டால் கோயிலைத் தீட்டாக்கினவள் ஆவேன். இல்லை என்றால் வதனி யார் என்று சொல்லவேண்டும். "கூடப்பிறந்த சித்தப்பா இல்லை மாமி, ஊர்முறைக்குச் சொல்லுறது. எனக்குத் துடக்கில்லை" என்று ஒருவழியாகச் சொன்னேன்.

"அண்டைக்குக் கூடப்பிறந்த தம்பியெண்டு சொன்னனி" என்றார் மாமி. மா முழுவதையும் அள்ளி வெளியே கொட்டச் சொன்னார். கடற்கரைப் பக்கமிருந்து வருகிற மான்கள் இரண்டு வந்து அதைத் தின்றன. ஐயர் வந்து தண்ணீர் தெளித்தார். நான் வீட்டுக்கு வந்தேன்.

வாயால் துடக்கில்லை என்று சொல்லிவிட்டேன். ஆனால் பொழுதுபட்டதும் சாமியறை விளக்கை ஏற்றப் போனால் கை ஏறவில்லை. அங்கே அவள் செத்தவீட்டில் நிலத்தில் கிடக்கிறாள், நான் இங்கே திரியைத் தூண்டுவதா? கதவைச் சாத்தினேன். மீன்காரன் ஹோர்ன் அடித்தான், வேண்டாம் என்றேன். அப்படியே நாள் போயிற்று. அந்த மனுசனை நான் ஒருநாளும் கண்டதில்லை. அவரும் என்னைத் தன் வாசலில் ஏற்றியிருக்கமாட்டார். ஆனாலும் அவருக்குத் துடக்குக் காத்தேன்.

எட்டாம் நாள், எட்டுச் செலவன்று மாமி வந்தார். வழக்கம்போலத் தட்டவில்லை. சட்டி மூடியைத் திறந்தார், பருப்பு. சாமியறையைப் பார்த்தார், சாத்தியிருந்தது.

"துடக்கில்லை எண்டனி. பேந்து ஆருக்குக் காக்கிறாய்?"

பேசாமல் இருந்திருக்கலாம். விரதம் என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். எட்டு நாள் தனியே கிடந்த ஆத்திரம், வாய் முந்திக்கொண்டது.

"வதனிக்கு வந்த துடக்கு எனக்கும்தான் மாமி."

"அதெப்பிடி வரும்?" மாமிக்கு அப்போது கோபமில்லை. கணக்கில் பிழை விட்ட பிள்ளையைத் திருத்துகிற குரலில்தான் சொன்னார். "ரத்த வழியிலை இல்லாட்டி அப்பிடிச் சேராது. மற்றும்படி, கட்டினவன்ர துடக்குக் கட்டினவளுக்குச் சேரும். அவ்வளவுதான்."

சொல்லி முடித்துவிட்டு மாமி என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். மாமி மெல்லத் திரும்பி முன்னறைக் கட்டிலைப் பார்த்தார். விரிப்புக் கசங்கி, தலையணையில் குழியோடு, போர்வை ஒரு பக்கம் தள்ளிக் கிடந்தது. வதனி போய் எட்டு நாள். பழக்க தோசத்தில் நான் அன்றைக்கும் விடிய எழும்பி அதைக் கசக்கியிருந்தேன்.

"சீ" என்றார் மாமி. காறித் துப்பவில்லை. அந்த ஒரு சொல்தான். வந்த வழியே இறங்கிப் போனார்.

மறுநாள் வதனி வந்தாள். வாசல் படலையடியில் வைத்தே எல்லாவற்றையும் சொன்னேன். வீடு போகப் போகிறது என்று சொன்னது அவள் காதில் விழவேயில்லை. "அப்பாவுக்கு நீ காத்தனியோ?" என்று கேட்டாள். "ஓம்" என்றேன். அங்கேயே குந்தியிருந்து, செத்தவீட்டில் அழாத அழுகையை அழுதாள்.

அதற்குப் பிறகு ஒழுங்கை எங்களை எப்படி வைத்திருந்தது என்று விரித்துச் சொல்ல எனக்குப் பொறுமையில்லை. கிணற்றுக் கயிறு காணாமல் போனது. மீன்காரன் எங்கள் படலையடியில் ஹோர்ன் அடிப்பதை விட்டான். கூரையில் கல் விழுந்தது. வதனி வேலைக்குப் போகும்போது சந்தியில் நின்ற பெடியள் சொன்னதை நான் எழுதமாட்டேன். பொலிசுக்குப் போகலாமே என்று உங்களுக்குத் தோன்றும். போனால் உள்ளே இருக்கவேண்டியது நாங்கள். இந்த நாட்டுச் சட்டப் புத்தகத்தில் குற்றவாளிகள் நாங்கள்தான்.

மாமியின் மட்டக்களப்பு மருமகன் வந்து, சாமானை எல்லாம் அள்ளித் தெருவில் எறியப்போகிறேன் என்று நின்றான். நான் கிணற்றடியில் புதுக் கயிறு கட்டிக்கொண்டிருந்தேன். மாமி முன்வீட்டு விறாந்தையிலிருந்து சொன்னது தெளிவாகக் கேட்டது.

"துடக்கு வீட்டிலையிருந்து சாமான் வெளிக்கிடக்கூடாது. முப்பத்தொண்டு முடியட்டும்."

"துடக்கு அந்தச் சின்னவளுக்குத்தானே? மற்றவளை இண்டைக்கே துரத்துவம்."

"ரெண்டு பேருக்கும் துடக்குத்தான்" என்றார் மாமி. "நீ போய் உன்ர வேலையைப் பார்."

கயிறு கையை விட்டு வழுக்கி வாளி கிணற்றுக்குள் விழுந்தது. என் அம்மா எங்களை ஒரு சோடியாக எண்ணவில்லை. வதனியின் அண்ணன் எண்ணவில்லை. எங்களைச் சகிக்க முடியாத இந்த மனுசி எண்ணினார். அந்த நேரம் ஓடிப்போய் அவர் காலில் விழலாமா என்று ஒரு நினைப்பு வந்தது. நல்லவேளை, விழவில்லை.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்த மறுநாள் நாங்கள் சாமானை லாண்ட்மாஸ்டர் வண்டியில் ஏற்றினோம். முன்னறைக் கட்டிலை ஏற்றவில்லை, அங்கேயே விட்டோம். மாமி ஒரு வாளி மஞ்சள் தண்ணீரோடு காத்துக்கொண்டு நின்றார். நான் வாசற்படியிலிருந்து காலை எடுத்ததும் அந்த இடத்தில் ஊற்றினார்.

"சாவுத் துடக்கு முடிஞ்சுது" என்றார் என்னைப் பார்த்து. "உங்கட துடக்கு முடியாது."

"முடியவேண்டாம் மாமி" என்றேன். இன்னும் உரக்கச் சொல்லியிருக்கலாம் என்று இன்றுவரை நினைக்கிறேன்.

இப்போது உப்புவெளியில் இருக்கிறோம். வீட்டுக்காரர் கிண்ணியா ஆள். வாடகையை நேரத்துக்குத் தரச் சொன்னார், வீட்டைத் துப்பரவாக வைத்திருக்கச் சொன்னார், முறை கேட்கவில்லை. கேட்கிற நாள் வந்தால் திரும்பவும் சாமான் கட்டுவோம். அதுவரை இந்த வீட்டில் ஒரே ஒரு கட்டில், காலையில் நான் அதன் விரிப்பை இழுத்து விரித்து, போர்வையை ஒழுங்காக மடித்து வைக்கிறேன்.

வதனி சாப்பிட வந்தாள். ஹெல்மெட்டைக் கழற்ற முன்னமே சொன்னேன்.

"மாமி செத்திட்டாவாம். நாளைக்கு எடுக்கினம்."

அவள் படியிலேயே நின்றாள். "போவமோ?"

"என்னத்துக்கு? அவ எங்களுக்கு என்ன முறை?"

வதனி கையைக் கழுவிக்கொண்டு வந்து இருந்தாள். "ரெண்டு பேருக்கும் துடக்கெண்டு சொன்ன ஒராள் அவதானே" என்றாள்.

"சொல்லிப்போட்டு மஞ்சள் தண்ணியும் ஊத்தினவ. அதையும் சேர்த்துச் சொல்லு."

"அதுக்கில்லையப்பா. நாளைக்கு எங்களிலை ஒராள் போனா..." என்று தொடங்கி, முடிக்காமல் விட்டாள்.

முடிக்கத் தேவையில்லை. எனக்கும் மீன் வெட்டும்போதே அது வந்துவிட்டது. எங்களில் ஒருத்தி செத்தால் வதனியின் அண்ணனோ என் தம்பிமாரோ வந்து உடலைத் தூக்கிக்கொண்டு போவார்கள். மிஞ்சுகிறவளை வாசலில் நிறுத்துவார்கள். அந்த நேரம் கதிரையை விட்டு எழும்பி, "இவளுக்கும் துடக்குத்தான்" என்று சொல்ல இந்த ஊரில் ஒரு வாய் இருந்தது. சொல்லியிருப்பாரோ, சொல்லியிருக்கமாட்டாரோ, எனக்குத் தெரியாது. கணக்கைப் பிழைக்க விட்டிருக்கமாட்டார், அது மட்டும் தெரியும். அந்த வாயும் இன்றைக்கு மூடிவிட்டது. பாவி மனுசி, செத்தும் எரிச்சலைக் கிளப்பிவிட்டுத்தான் போயிருக்கிறார்.

நாங்கள் போகவில்லை. எங்களுக்கு அவர் ஒரு முறையுமில்லை, துடக்குமில்லை. சோறு போட்டு, அறக்குளாவின் நடுத்துண்டு இரண்டையும் வதனியின் சாப்பாட்டில் வைத்தேன். அவள் ஒன்றை எடுத்து என் சாப்பாட்டில் போட்டாள்.